லைசென்ஸ் என்ன விலை? – அமெரிக்க மாநிலங்களும் நம் டாக்டர்களும்

ஒவ்வொரு ரீயூனியனிலும் சாப்பாட்டுப் பந்தி முடிந்ததும் ஹவுஸ் சர்ஜன் பிள்ளைகள் நாலைந்து பேர் வெளிநாட்டிலிருந்து வந்த சீனியர்களைச் சுற்றிக்கொள்வது வழக்கமாகிவிட்டது. கேள்வியும் வழக்கமானதுதான். "சார், அமெரிக்காவுல லைசென்ஸ் வாங்க மொத்தமா எவ்வளவு சார் ஆகும்?" ஒருவர் ஒரு தொகை சொல்வார். பக்கத்தில் நிற்பவர் அதைப்போல் மூன்று மடங்கு சொல்வார். இரண்டு பேருமே பொய் சொல்லவில்லை. மாநிலம் வேறு, காலம் வேறு, அவ்வளவுதான். மலர்க் குழுவினர் "இந்த வருஷம் நீங்க ஏதாவது எழுதியே ஆகணும்" என்று பிடித்துக்கொண்டதால், அந்தக் கேள்விக்குப் பின்னால் இருக்கும் கதையை எழுதித் தருகிறேன். தொகையைவிட, அது எப்படி வந்தது என்பதுதான் சுவாரசியம்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். 'அமெரிக்க லைசென்ஸ்' என்று ஒன்று கிடையவே கிடையாது. நமக்கு இது சட்டென்று புரியாது. மதராஸ் மாகாணத்தில் டாக்டர்களைப் பதிவு செய்யும் சட்டம் 1914-ல் வந்தது. 1956-ம் வருஷத்து இந்திய மெடிக்கல் கவுன்சில் சட்டத்துக்குப் பிறகு, சென்னையில் பதிவு செய்துகொண்டு இந்தியப் பதிவேட்டில் பெயர் ஏறியவர் டெல்லியிலும் வைத்தியம் பார்க்கலாம், டார்ஜிலிங்கிலும் பார்க்கலாம். அமெரிக்காவில் அப்படி இல்லை. ஃபிலடெல்ஃபியாவுக்கும் கேம்டனுக்கும் நடுவில் இருப்பது டெலவேர் என்ற ஒரு ஆறும் ஒரு பாலமும்தான். ஆனால் இந்தக் கரை பென்சில்வேனியா, அந்தக் கரை நியூஜெர்ஸி. காலையில் ஒரு கரையிலும் மாலையில் மறு கரையிலும் நோயாளி பார்க்க வேண்டுமானால் இரண்டு லைசென்ஸ் வேண்டும். இரண்டு விண்ணப்பம், இரண்டு கட்டணம், இரண்டு இடத்திலும் தனித்தனியாகப் புதுப்பித்தல். கொள்ளிடத்துக்கு வடக்கே ஒரு லைசென்ஸ், தெற்கே ஒரு லைசென்ஸ் என்றால் நம் ஊரில் சும்மா இருப்போமா?

மக்களின் உடல்நலத்தைப் பாதுகாக்கும் அதிகாரம் அந்த நாட்டில் மாநிலங்களிடம்தான் இருக்கிறது. மாநிலங்களும் தொடக்கத்தில் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. 1830களிலும் 40களிலும், 'யார் வேண்டுமானாலும் வைத்தியம் பார்க்கட்டும், மக்களே தீர்மானித்துக்கொள்வார்கள்' என்று இருந்த சட்டங்களையும் ரத்து செய்தார்கள். நியூயார்க் 1844-ல் எடுத்துவிட்டது. உள்நாட்டுப் போருக்குப் பிறகுதான் மறுபடி சட்டங்கள் வந்தன. டெக்சாஸ் 1873-ல், இல்லினாய்ஸ் 1877-ல்.

இந்தச் சட்டங்கள் செல்லுமா என்று முடிவானது ஒரு கிராமத்து டாக்டரின் வழக்கில். மேற்கு வர்ஜீனியாவில் ஃபிராங்க் டென்ட் என்பவர் 1876 முதல் வைத்தியம் பார்த்து வந்தார். மூலிகை வழியில் போகும் 'எக்லெக்டிக்' பிரிவின் கல்லூரி ஒன்றில் டிப்ளமா வாங்கியவர். புதுச் சட்டப்படி மூன்று வழிகள் இருந்தன. நல்ல கல்லூரி என்று போர்டு ஒத்துக்கொள்ளும் கல்லூரியின் பட்டம் வேண்டும். அல்லது அந்த மாநிலத்தில் 10 வருஷ அனுபவம் வேண்டும். அல்லது பரீட்சை எழுதித் தேற வேண்டும். போர்டு அவருடைய கல்லூரியை ஒத்துக்கொள்ளவில்லை. அவருக்கு இருந்த அனுபவம் 5 வருஷம்தான். லைசென்ஸ் இல்லாமலே தொழிலைத் தொடர்ந்தார். 50 டாலர் அபராதம் விழுந்தது. வாஷிங்டன் உச்ச நீதிமன்றம் வரை போனார். 1889 ஜனவரியில் நீதிபதி ஸ்டீபன் ஃபீல்ட் எழுதிய தீர்ப்பில் மாநிலத்துக்கே வெற்றி. உயிரோடு விளையாடும் தொழில் இது, ஆகவே தகுதி கேட்க மாநிலத்துக்கு உரிமை உண்டு என்றார்கள்.

தீர்ப்பு நியாயமானதுதான். ஆனால் 'உன் கல்லூரி நல்ல கல்லூரியா?' என்ற கேள்வியைக் கேட்டு, பதிலையும் தானே சொல்லிக்கொள்ளும் உரிமை அன்றைக்கு ஒவ்வொரு மாநில போர்டுக்கும் கிடைத்தது. பின்னாளில் நம்மவர்கள் கொடுத்த விலையில் பெரும் பகுதி அந்தக் கேள்விக்குத்தான் போயிற்று.

1910-ல் ஃபிளெக்ஸ்னர் அறிக்கை வந்து தரமில்லாத அமெரிக்கக் கல்லூரிகள் பல மூடப்பட்டன. 1912-ல் மாநில போர்டுகள் சேர்ந்து ஒரு சம்மேளனம் அமைத்தன. ஆனாலும் பரீட்சை மாநிலத்துக்கு மாநிலம் தனித்தனிதான். போதாக்குறைக்கு 1925-லிருந்து 'பேசிக் சயின்ஸ் போர்டு' என்று இன்னொன்றைத் தொடங்கினார்கள். கனெக்டிகட்டும் விஸ்கான்சினும் முதலில். அனாட்டமி, ஃபிஸியாலஜி, பயோகெமிஸ்ட்ரியில் தனிப் பரீட்சை, தனிக் கட்டணம். முதுகு நீவிவிடும் கைரோபிராக்டர்களை வடிகட்டுவதற்காக வந்தது என்பார்கள். மாட்டிக்கொண்டவர்களில் வெளிநாட்டு டாக்டர்களும் வேறு மாநிலத்திலிருந்து வந்த அமெரிக்க டாக்டர்களும் அடக்கம். இருபது வருஷம் சர்ஜரி செய்த கைக்குப் பிரேக்கியல் பிளெக்ஸஸ் வரையச் சொன்னால் எப்படி இருக்கும்? 1970களின் முடிவில்தான் இந்த போர்டுகள் ஒழிந்தன.

1930களில் ஹிட்லருக்குத் தப்பி ஜெர்மனியிலிருந்தும் ஆஸ்திரியாவிலிருந்தும் டாக்டர்கள் வந்தபோது, பல மாநிலங்கள் 'அமெரிக்கக் குடிமகனாக இருக்க வேண்டும், குறைந்தபட்சம் குடியுரிமைக்கு மனுவாவது கொடுத்திருக்க வேண்டும்' என்று விதி போட்டன. அந்த விதியோடு 30 வருஷம் கழித்து முட்டிக்கொண்டவர்களில் நம்மவர்களும் உண்டு. பச்சை அட்டை வாங்கிக் குடியுரிமைக்கு 5 வருஷம் காத்திருக்க வேண்டும். வாங்கினால் இந்திய பாஸ்போர்ட்டை விட வேண்டும். லைசென்ஸுக்கு இதுவும் ஒரு விலைதானே? 1973-ல் கனெக்டிகட்டில் வக்கீல் தொழில் செய்ய விரும்பிய ஒரு டச்சுப் பெண்மணியின் வழக்கில், குடியுரிமை இல்லை என்பதற்காகத் தடுக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. மருத்துவ போர்டுகளும் அதற்குப் பிறகு மெல்ல மெல்ல அந்த விதியைக் கைவிட்டன. நமக்கு வழி திறந்துவிட்டவர் ஒரு டச்சு வக்கீல் என்பது நம் பேட்ச் ஆட்களுக்கே தெரியாது.

மில்டன் ஃபிரீட்மன் என்ற பொருளாதார நிபுணர் 1962-ல் எழுதிய புத்தகத்தில், லைசென்ஸ் முறையே ஒரு சங்கம் தன் ஆட்களின் எண்ணிக்கையைக் குறைத்து வைத்துக்கொள்ளும் தந்திரம், எடுத்துவிடுங்கள் என்றார். போலி டாக்டர் போர்டுகளைத் தெருவுக்குத் தெரு பார்த்து வளர்ந்த எனக்கு அந்த அளவுக்குப் போக மனசு வரவில்லை. ஆனால் அவர் சொன்னதில் பாதி உண்மை என்பதை அனுபவித்தவர்கள் மறுக்க மாட்டார்கள்.

இனி நம் கதைக்கு வருவோம். வெளிநாட்டில் படித்த டாக்டர்களைச் சோதித்துச் சான்றிதழ் கொடுக்க 1956-ல் இ.சி.எஃப்.எம்.ஜி. என்ற அமைப்பு வந்தது. முதல் பரீட்சை 1958 மார்ச்சில். 1965-ல் அமெரிக்கா தன் குடியேற்றச் சட்டத்தை மாற்றியதும் நம் சீனியர்கள் வரிசையாகக் கிளம்பினார்கள். ரிசர்வ் வங்கி அனுமதித்த 8 டாலரோடு விமானம் ஏறிய கதையை அந்த பேட்ச் ஆட்களிடம் கேளுங்கள். எட்டு டாலர், கொஞ்சம் புளியோதரை, ஒரு சூட்கேஸ். 1970களில் இந்திய அரசு இந்தப் பரீட்சையை நம் மண்ணில் நடத்த விடவில்லை, டாக்டர்கள் வெளியே போய்விடுகிறார்கள் என்பதால். நம்மவர்கள் விட்டார்களா? கொழும்புக்கும் சிங்கப்பூருக்கும் போய் எழுதினார்கள். தடையினால் ஆள் போவது நிற்கவில்லை. விமான டிக்கெட் ஒன்று கூடுதலாயிற்று. வசதியில்லாத வீட்டுப் பையன்தான் நின்றுபோனான்.

1975-ல் பிரிட்டனின் ஜெனரல் மெடிக்கல் கவுன்சில் இந்தியப் பட்டங்களை நேரடியாக ஒத்துக்கொள்வதை நிறுத்தியது. மறு வருஷமே அமெரிக்கக் காங்கிரஸ் 'எங்களுக்கு டாக்டர் பற்றாக்குறை தீர்ந்துவிட்டது' என்று சட்டம் போட்டு விசாவை இறுக்கியது. இரண்டு கதவும் ஒன்றன்பின் ஒன்றாகப் பாதி மூடிய அந்த நேரத்தில் ஹவுஸ் சர்ஜன்ஸியில் இருந்தவர்கள் எத்தனை பேர் திட்டத்தை மாற்றிக்கொண்டார்கள் என்பதை இந்த மலரின் முகவரிப் பட்டியலைப் புரட்டினாலே ஓரளவு ஊகிக்கலாம்.

உள்ளே போனவர்களுக்கும் பாதை ஒன்றாக இல்லை. அமெரிக்க மாணவர்கள் பெரும்பாலும் தேசிய போர்டின் பரீட்சையை எழுதிவிட்டுப் போவார்கள். நம்மவர்கள் 1968-ல் வந்த ஃபிளெக்ஸ் என்ற பரீட்சையை எழுத வேண்டும், 75 வாங்கினால் தேர்ச்சி. கட்டணத்தைவிடக் கனமானது காலம். பல மாநிலங்களில் அமெரிக்கப் பட்டதாரிக்கு ஒரு வருஷப் பயிற்சி முடிந்ததும் லைசென்ஸ். வெளிநாட்டுப் பட்டதாரிக்கு மூன்று வருஷம். அந்த இரண்டு வருஷச் சம்பள வித்தியாசத்தைக் கணக்குப் போட்டுப் பாருங்கள், எந்த மாநிலத்தின் கட்டணமும் அதற்குப் பக்கத்தில் வராது. முழு லைசென்ஸ் கிடைக்காத பலர் அரசு மனநல மருத்துவமனைகளில் வரையறை போட்ட லைசென்ஸில் வருஷக்கணக்காக வேலை பார்த்தார்கள். உள்ளூர் டாக்டர்கள் போக மறுத்த இடங்கள் அவை.

1984-ல் இன்னொரு இடி. டொமினிக்கன் குடியரசில் இரண்டு மருத்துவக் கல்லூரிகள் பட்டத்தைக் காசுக்கு விற்ற விவகாரம் வெடித்தது. போலிகளைப் பிடிக்க வேண்டியதுதான், அதில் மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அதன் பிறகு வெளிநாட்டுப் பட்டம் என்றாலே சந்தேகம். நூறு வருஷத்துக்கு மேல் பழமையான கல்லூரியில் படித்தவரும் புதிதாக முளைத்த கல்லூரியில் பட்டத்தை வாங்கியவரும் ஒரே வரிசையில் நின்றார்கள்.

இங்கேதான் நம் டீன் ஆபீஸ் கதைக்குள் வருகிறது. ஒரு மாநிலத்துக்கு லைசென்ஸ் விண்ணப்பம் போட்டேன் (எந்த மாநிலம் என்பது வேண்டாம்). மார்க் விவரம், கிளினிக்கல் போஸ்டிங் எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை, வார்டு வாரியாக எத்தனை வாரம், எல்லாவற்றையும் கல்லூரியே நேரடியாக போர்டுக்கு அனுப்ப வேண்டும். நம் கையில் கொடுக்கக்கூடாது. நம் ஆபீஸ் சூப்பிரண்டு நல்ல மனிதர். பழைய ரிஜிஸ்டர்களைத் தூசி தட்டி எடுத்து, டைப் அடித்து, டீன் கையெழுத்து வாங்கி, ஊதா மையில் ரப்பர் ஸ்டாம்ப் குத்தி அனுப்பி வைத்தார். மூன்று மாதம் கழித்து போர்டிலிருந்து கடிதம்: 'முத்திரை புடைத்திருக்கவில்லை, ஏற்க இயலாது.' அவர்களுக்குக் காகிதத்தில் மேடாக எழும்பும் முத்திரை வேண்டுமாம். நம் கல்லூரியில் அப்படி ஒரு கருவியே இல்லை. ஊரிலிருந்த என் அப்பா சூப்பிரண்டைப் போய்ப் பார்த்தார். "ஐயா, அமெரிக்காக்காரனுக்கு ஊதா மை பிடிக்காதா?" என்று அவர் கேட்டாராம். கடைசியில் டீன் ஒரு தனிக் கடிதம் எழுதினார்: எங்கள் கல்லூரியின் முத்திரை இதுதான், இதைத் தவிர வேறு இல்லை என்று. அதை போர்டு ஏற்றுக்கொண்டது. மொத்தம் ஏழு மாதம். பேச்சு முடிந்திருந்த வேலை அதற்குள் வேறொருவருக்குப் போய்விட்டது. இரண்டாவது மாநிலத்துக்கு விண்ணப்பித்தபோது எல்லாம் மறுபடி முதலிலிருந்து. அதே ரிஜிஸ்டர், அதே ஊதா மை.

இது என் ஒருவன் கதை அல்ல. 1982-ல் அமெரிக்காவில் இந்திய வம்சாவளி டாக்டர்களின் சங்கம் தொடங்கியதற்கு இதுபோன்ற அனுபவங்கள் ஒரு காரணம். 1990 மே மாதம் அமெரிக்கக் காங்கிரஸின் தணிக்கை அலுவலகமே, லைசென்ஸ் விஷயத்தில் வெளிநாட்டுப் பட்டதாரிகளுக்கு ஒரு விதி, உள்நாட்டவருக்கு ஒரு விதி இருப்பதை அறிக்கையாக எழுதியது. 1992-லிருந்து 94-க்குள் எல்லோருக்கும் ஒரே பரீட்சை என்று யு.எஸ்.எம்.எல்.இ. வந்தது. 1996-ல் மாநில போர்டுகளின் சம்மேளனம் ஒரு சேவையைத் தொடங்கியது: உங்கள் சான்றிதழ்களை ஒரே முறை சரிபார்த்து வைத்துக்கொண்டு, கேட்கிற மாநிலத்துக்கு அனுப்பும். அதற்கும் சில நூறு டாலர் கட்டணம் உண்டு. ஏழு மாதத்தை நினைத்தால், கண்ணை மூடிக்கொண்டு கொடுக்கலாம்.

ஒரு சுமை இறங்கினால் இன்னொன்று ஏறும். 1998-ல் வெளிநாட்டுப் பட்டதாரிகளுக்கு மட்டும் கிளினிக்கல் ஸ்கில்ஸ் என்று ஒரு நேர்முகப் பரீட்சை வந்தது. முதலில் ஃபிலடெல்ஃபியாவில் மட்டும்தான் நடத்தினார்கள். கட்டணம் 1,200 டாலர். அன்றைய கணக்கில் 50 ஆயிரம் ரூபாய். விசா, விமானக் கட்டணம், தங்குமிடம் தனி. நோயாளி வேஷம் போட்ட நடிகர்களிடம் ஒரு நாள் ஹிஸ்டரி எடுப்பதற்காக! 2004-ல் அதையே மாற்றியமைத்து அமெரிக்க மாணவர்களும் எழுத வேண்டும் என்றார்கள். உடனே அங்கே கூச்சல் கிளம்பியது, இவ்வளவு பணமா என்று. ஆறு வருஷமாக நம் பிள்ளைகள் கொடுத்தபோது எழாத கேள்வி. 2020 மார்ச்சில் கொரோனாவால் நிறுத்தினார்கள்; 2021 ஜனவரியில் ஒரேயடியாகக் கைவிட்டார்கள்.

சரி, இப்போது பட்டியல் கட்டணத்துக்கு வருகிறேன். பென்சில்வேனியாவில் முழு லைசென்ஸ் விண்ணப்பத்துக்கு நெடுங்காலமாக 35 டாலர்தான். கலிபோர்னியாவில் இரண்டு வருஷத்துக்கு ஒரு முறை புதுப்பிக்க மட்டும் 2022 ஜனவரியிலிருந்து 863 டாலர், 2024 ஜனவரியிலிருந்து 1,151 டாலர். நம் பணத்தில் ஏறக்குறைய ஒரு லட்சம் ரூபாய். ஏன் இவ்வளவு வித்தியாசம்? கலிபோர்னியா போர்டுக்கு மாநில அரசு பொதுநிதியிலிருந்து பணம் தருவதில்லை. டாக்டர்கள் கட்டும் கட்டணத்திலேயே ஆபீஸ் நடத்த வேண்டும், புகார்களை விசாரிக்க வேண்டும், அரசு வக்கீல்களுக்கும் கொடுக்க வேண்டும். ஆக, டாக்டர் கட்டும் பணத்தில் பெரும் பங்கு டாக்டர்களைப் பிடித்துத் தண்டிக்கவே செலவாகிறது. 2023-ல் கட்டணத்தை உயர்த்த மசோதா வந்தபோது டாக்டர்கள் சங்கம் எதிர்த்தது. தவறான சிகிச்சையில் பிள்ளையையோ தாயையோ இழந்த குடும்பத்தினர் வந்து, 'போர்டு பலமாக இல்லாததால் எங்களுக்கு நியாயம் கிடைக்கவில்லை' என்றார்கள். அவர்கள் பேச்சைக் கேட்ட பிறகு 1,151 டாலரைப் பற்றி முன்புபோல் முணுமுணுக்க எனக்கு வாய் வரவில்லை. 35 டாலர் மலிவு என்று சந்தோஷப்படுவதற்கு முன் அங்கே புகார்களை யார், எத்தனை பேர் விசாரிக்கிறார்கள் என்றும் கேட்க வேண்டியிருக்கிறது.

நியூயார்க்கில் லைசென்ஸ் ஆயுளுக்கும் செல்லும், ஆனால் பதிவைப் புதுப்பித்துக்கொண்டே இருக்க வேண்டும். கலிபோர்னியாவில் புதுப்பிக்க இரண்டு வருஷத்தில் 50 மணி நேரம் தொடர்கல்வி கட்டாயம். கட்டணத்துக்கு மேல் அந்த வகுப்புகளின் செலவு. இதெல்லாம் மாநிலத்துக்கு. மார்ஃபின் போன்ற மருந்துகளை எழுத மத்திய அரசிடம் தனிப் பதிவு வேண்டும். மூன்று வருஷத்துக்கு 1993-ல் 210 டாலராக இருந்தது, 2020 அக்டோபரில் 888 ஆகிவிட்டது.

மாநிலங்கள் தங்களுக்குள் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டு, 2017-லிருந்து ஒரே விண்ணப்பத்தில் பல மாநில லைசென்ஸ் வாங்க வழி செய்தன. இன்று 40-க்கு மேற்பட்ட மாநிலங்கள் சேர்ந்திருக்கின்றன. 700 டாலர் கட்ட வேண்டும். அதற்கு மேல் ஒவ்வொரு மாநிலமும் தன் கட்டணத்தைத் தனியாக வாங்கிக்கொள்ளும். காகிதம் குறைந்தது, காசு குறையவில்லை. நம்மவர்கள் அதிகம் வாழும் கலிபோர்னியாவும் நியூயார்க்கும் முதல் சில ஆண்டுகளில் இதில் சேரவே இல்லை.

மாணவர்கள் ஆவலோடு கேட்பது டென்னசியைப் பற்றி. வெளிநாட்டில் முழுப் பயிற்சி பெற்ற டாக்டர் அமெரிக்காவில் மறுபடி ரெசிடென்சி செய்யாமலே தற்காலிக லைசென்ஸ் பெற 2023-ல் அந்த மாநிலம் சட்டம் போட்டது. வேறு சில மாநிலங்களும் பின்தொடர்ந்தன. 2020-ல் கொரோனா உச்சத்தில் நியூஜெர்ஸி வெளிநாட்டு டாக்டர்களுக்கு அவசர லைசென்ஸ் கொடுத்ததை நினைத்துப் பார்த்தால், தேவை வரும்போது கதவு திறக்கும் என்பது தெரிகிறது. ஆனால் தம்பி தங்கைகளே, அவசரப்பட்டு டிக்கெட் போட்டுவிடாதீர்கள். லைசென்ஸ் வேறு, ஸ்பெஷாலிட்டி போர்டு சான்றிதழ் வேறு. ரெசிடென்சி இல்லாதவருக்கு இரண்டாவது கிடைப்பது கஷ்டம். மருத்துவமனையும் இன்சூரன்ஸ் கம்பெனியும் கேட்பதோ இரண்டாவதைத்தான். கணக்குப் போடும்போது ஆயிரம் டாலரைத் தொடும் ஒவ்வொரு பரீட்சைக் கட்டணத்தையும் எழுதுங்கள். பக்கத்திலேயே ஒரு பத்தி வரைந்து வருஷங்களையும் எழுதுங்கள். வீட்டில் அப்பா அம்மாவிடம் இரண்டு பத்தியையும் காட்டுங்கள்.

என் பேட்ச் நண்பன் ஒருவன் கலிபோர்னியாவில் இருக்கிறான். வயது எழுபதைத் தாண்டியாயிற்று, நோயாளி பார்த்து நாலு வருஷமாகிறது. ஓய்வு பெற்றவர் என்று எழுதிக் கொடுத்தால் அங்கே புதுப்பித்தல் கட்டணம் கிடையாது. வைத்தியம் பார்க்கக்கூடாது, அவ்வளவுதான். அந்தப் படிவத்தை அவன் மனைவி இரண்டு முறை எடுத்து மேஜையில் வைத்துவிட்டார். "எதுக்குங்க தண்டமா ஆயிரத்து நூத்தம்பது டாலர்?" போன மாதம் போனில் கேட்டேன், என்னடா செய்தாய் என்று. "கட்டிட்டேன்டா" என்றான். 50 மணி நேர வகுப்பையும் முடித்துவிட்டானாம்.